வெள்ளரிக்காய்க் குதிரையில் வந்த நடிகை

இசோனே தீவில் ஹயாசே மினேவுக்கு ஈமச்சடங்கு நடந்தபோது அவளுக்கு வயது இருபத்துநான்கு, போதாததற்கு நல்ல பசி வேறு. சடங்கு முடிந்ததும் சவப்பெட்டியிலிருந்து எழுந்து, முகத்தில் பூசியிருந்த வெள்ளைப் பூச்சைத் துடைத்துக்கொண்டு, தன் துக்கத்துக்கு வந்திருந்தவர்களோடு வரிசையில் உட்கார்ந்து, தனக்காகப் பொங்கிய சோற்றில் இரண்டு கிண்ணம் சாப்பிட்டாள். சோறு நன்றாக இருந்ததாகவும் சொன்னாள்.

சினிமாவுக்காகச் செத்த சாவுதான் அது. ஆனால் இயக்குநர் தனிஷிரோவுக்குப் போலி என்ற பேச்சே ஆகாது. கடல் நிஜக் கடலாக இருக்க வேண்டும், சவப்பெட்டியைத் தீவுத் தச்சனே செய்ய வேண்டும், அழுகிற பெண்கள் நிஜமாகவே மூச்சடக்கிக் கடலில் இறங்கிச் சிப்பி குளிக்கிற பெண்களாக இருக்க வேண்டும், மந்திரம் சொல்கிறவர் தீவின் புத்தர் கோயில் குருவாகவே இருக்க வேண்டும் என்று ஒற்றைக்காலில் நின்றவர் அவர். குரு ரியோகாயிடம் போய், படத்துக்குத்தானே, ஏதாவது சும்மா முணுமுணுத்தால் போதும் என்று கேட்டிருக்கிறார்கள். ரியோகாய் தலையைச் சொறிந்தார்.

"சும்மா சொல்ற மந்திரம்னு எங்கிட்ட எதுவும் இல்லையே. இருக்கிறது ஒண்ணுதான்" என்றார்.

அந்த ஒன்றையே சொல்லுங்கள் என்றார் தனிஷிரோ. கேமரா ஓடத் தொடங்கியதும் ரியோகாய் முறைப்படி இறந்தவரின் பெயரைக் கேட்டார். கதையில் செத்தவள் ஒஃபுமி என்கிற சிப்பி குளிக்கும் பெண். ஆனால் பதில் சொல்ல வேண்டிய உதவி இயக்குநர் தன் கையிலிருந்த தாளைப் பார்த்தார். சினிமாக்காரர்களின் தாளில் யார் எத்தனை மணிக்கு வர வேண்டும் என்று நடிகர் பெயர்தான் எழுதியிருக்குமே தவிர, கதையில் யார் செத்தார்கள் என்று எழுதியிருக்காது. "ஹயாசே மினே" என்று அவர் சத்தமாக வாசித்தார். ரியோகாய் அந்தப் பெயரைச் சொல்லி அவளை இந்த உலகத்திலிருந்து அனுப்பிவைத்தார். செத்தவர்களுக்கு வைக்கிற புதுப் பெயர் ஒன்றையும் வைத்தார். அதை, வீட்டு மாடத்தில் வைத்துக் கும்பிடுகிற சிறிய கறுப்புப் பலகையின் முன்பக்கம் எழுதி, பின்பக்கம் அவள் சொந்தப் பெயரை எழுதினார். தனிஷிரோ விம்மி விம்மி அழுததில் 'கட்' சொல்ல மறந்துபோனதால் யாரும் எதையும் நிறுத்தவில்லை. வெறும் பெட்டியைக் குழியில் இறக்கி, மேலே கல்லும் நட்டுவிட்டுத்தான் ஓய்ந்தார்கள்.

அடுத்த ஆண்டு ஆகஸ்டு பதின்மூன்றாம் தேதி, தோக்கியோ ஸ்டுடியோவில், சூடான விளக்குகளுக்கு நடுவே, மினே புதுமணப்பெண்ணாக வேடமிட்டு மாமனாருக்குத் தேநீர் ஊற்றப் போனாள். ஊற்றுவதற்குள் இசோனே கடற்கரையில் நின்றுகொண்டிருந்தாள். கால் இரண்டும் ஈரம். கையில் தேநீர்க் கூஜா. தொடைகள் குதிரை ஏறியவளுக்கு வலிக்கிற மாதிரி வலித்தன, உடம்பெல்லாம் வெள்ளரிக்காய் வாசம்.

அது ஓபோன் நாள். செத்தவர்கள் நான்கு நாள் வீட்டுக்கு வந்துபோகிற பண்டிகை. அவர்கள் சீக்கிரம் வந்துசேர வேண்டுமென்று வெள்ளரிக்காயில் நாலு குச்சி செருகிக் குதிரை செய்துவைப்பார்கள். திரும்பிப் போகும்போது மெதுவாகப் போகட்டுமென்று கத்தரிக்காயில் மாடு செய்துவைப்பார்கள். வாசலில் சிறிய தீ மூட்டி வழிகாட்டுவார்கள். மினேவின் கல்லறை கேமராவுக்கு அழகாகக் கடலைப் பார்த்திருக்க வேண்டுமென்பதற்காக ஒதாகி வீட்டு நிலத்தில் தோண்டப்பட்டிருந்தது. அதனால் அவளுடைய பலகையும் ஒதாகி வீட்டுப் பூஜை மாடத்தில்தான் இருந்தது. ஒதாகி சிப்பி குளிக்கிறவள், மினே வயதுதான், அந்த வீட்டுக்கு வாழ்க்கைப்பட்டு மூன்று வருஷம் ஆகியிருந்தது. இடது கால் சுண்டுவிரலைக் கடல் விலாங்கு ஒன்று கடித்துக்கொண்டு போயிருந்தது. வாசலில் தீயை ஊதிக்கொண்டிருந்தவள் நிமிர்ந்து, மணப்பெண் கோலத்தில் கூஜாவோடு நிற்கிற மினேவை மேலும் கீழும் பார்த்தாள்.

"ஏன் இவ்வளவு நேரம்? வா, சோறு ஆறுது" என்றாள்.

இப்படித்தான் அது ஆரம்பித்தது, பிறகு ஒரு வருஷம்கூடத் தவறவில்லை. தீவுக்காரர்கள் இதில் ஆச்சரியப்பட ஒன்றுமில்லை என்றார்கள். முறையாக அனுப்பிவைத்தவள் முறையாக வருகிறாள். எல்லோர் வீட்டுக்கும் வருகிறார்கள், இவள் கண்ணுக்குத் தெரிகிறாள், அவ்வளவுதான் வித்தியாசம். ஒதாகி அவளை உட்காரவைத்து, செத்தவர்களுக்கு வைப்பதுபோல் சோற்றில் சாப்பிடும் குச்சிகளை நேராகக் குத்திவைத்துப் பரிமாறினாள். மினே குச்சிகளைப் பிடுங்கிச் சாப்பிட்டாள். பாத்திரம் கழுவப் போனால் விடமாட்டாள் ஒதாகி; செத்தவர்கள் வேலை செய்தால் வீட்டுக்கு ஆகாதாம். அக்கம்பக்கத்துப் பெண்கள் வந்து, அந்தப் பக்கம் எங்கள் அப்பாவைப் பார்த்தால் படகை விற்றுவிட்டோம் என்று சொல்லுங்கள், கோபித்துக்கொள்ள வேண்டாமென்று சொல்லுங்கள் என்று சேதி சொல்லி அனுப்புவார்கள். நான் தோக்கியோவில் வாடகை வீட்டில் இருக்கிறேன் என்று மினே முதலில் மறுத்துப் பார்த்தாள். எங்கே இருந்தால் என்ன, பார்த்தால் சொல்லுங்கள் என்றார்கள். பிறகு அவளும் சரி என்று தலையாட்டிக் கேட்டுக்கொண்டாள்.

வருவதற்கு ஒரு நொடி ஆகும், திரும்பிப் போக இரண்டு நாள் ஆகும். கத்தரிக்காய் மாடு அவ்வளவு மெதுவு. பண்டிகை முடிந்ததும் டிக்கெட் எடுத்து, படகில் வாந்தி எடுத்து, ரயிலில் நின்றுகொண்டே போய்ச் சேருவாள்.

ஸ்டுடியோவும் பழகிக்கொண்டது. ஆரம்பத்தில் மேலாளர் குசே இதையெல்லாம் நம்பாமல், ஒரு பதின்மூன்றாம் தேதி அவளை செட்டில் இருந்த தூணோடு சேர்த்துக் கயிற்றால் கட்டிப் பார்த்தார். அவள் கயிற்றோடு தீவில் வந்து இறங்கினாள். நல்ல கயிறு என்று ஒதாகி அதை வாங்கித் தன் மிதவைக்குக் கட்டிக்கொண்டாள், பதினோரு வருஷம் உழைத்தது. அதற்குப் பிறகு மினேவின் ஒப்பந்தத்தில், ஓபோன் நாட்களிலும் அதற்குப் பின்வரும் இரண்டு நாட்களிலும் படப்பிடிப்பு கிடையாது என்று ஒரு வரி சேர்ந்தது. வேறு எந்த நடிகைக்கும் அந்தச் சலுகை இல்லையென்று பலருக்கு வயிற்றெரிச்சல்.

மினே நூற்றுக்கும் மேற்பட்ட படங்களில் நடித்தாள். அவள் முகம் சாவுக்குப் பொருத்தமான முகம் என்று இயக்குநர்கள் எப்படியோ முடிவு கட்டிவிட்டார்கள். காசநோயில் செத்தாள், வாளால் வெட்டுப்பட்டுச் செத்தாள், பனியில் வழிதவறிச் செத்தாள், காதலனோடு அருவியில் குதித்து அவன் பிழைத்துக்கொள்ளத் தான் மட்டும் செத்தாள். அந்தப் படங்களெல்லாம் ஒரு வருஷமோ இரண்டு வருஷமோ கழித்துப் படகேறி இசோனேவுக்கு வரும், பள்ளிக்கூட மைதானத்தில் படகுப் பாயைக் கட்டி ஓட்டுவார்கள். தீவு முழுக்க வரும். அவள் சாகிற இடம் வந்தவுடன் ரியோகாய், பிடி வேர்க்கடலையை மடியில் போட்டுவிட்டு, கைகூப்பி மெதுவாக மந்திரம் சொல்லத் தொடங்கிவிடுவார். ஒரு சாவைப் பார்த்துவிட்டுச் சும்மா உட்கார்ந்திருக்க அவருக்குத் தெரியாது. முன்னால் இருப்பவர்கள் திரும்பிப் பார்ப்பார்கள், பிறகு அவர்களும் கைகூப்புவார்கள்.

வயது நாற்பத்தெட்டு ஆனபோது மினே ஒரு விடுதிக்காரியாக நடித்துத் தீயில் செத்தாள். அதன்பிறகு அவளைச் சாகவிடவில்லை. அம்மாவாக்கிவிட்டார்கள். நாயகனின் அம்மா, நாயகியின் அம்மா, வில்லனின் அம்மா. கதவைத் திறந்து தேநீர்த் தட்டோடு வந்து, சாப்பிட்டாயா என்று கேட்டுவிட்டு, கதவை மூடிக்கொண்டு போகிற அம்மா. அந்த அம்மாக்கள் யாருக்கும் கதையில் பெயர் இல்லை. பிறகு சுவரொட்டியில் அவளுடைய சொந்தப் பெயரும் கீழே கீழே இறங்கியது, எழுத்து சிறுத்தது. ஐம்பத்தாறு வயதில் மூன்று படங்களில் அடுத்தடுத்து அவள் பெயர் விட்டுப்போனது. மூன்று முறையும் அச்சகத்தார் மனம் வருந்தி, எப்படி விட்டுப்போனதென்றே தெரியவில்லை என்றார்கள். மினேவுக்குத் தெரிந்திருந்தது. அது அவள் செத்த முப்பத்துமூன்றாம் ஆண்டு.

முப்பத்துமூன்றாம் ஆண்டில் செத்தவர்களுக்குக் கடைசிச் சடங்கு. பெயர்ப் பலகையைத் தீயிலிட்டுவிடுவார்கள். அதற்குமேல் அவருக்கென்று தனிப் படையல் இல்லை, தனிப் பெயரும் இல்லை. முன்னோர்கள் என்கிற பெரிய கூட்டத்தில் கரைந்துவிடுவார். அது மரியாதைதான், பதவி உயர்வுதான் என்று தீவில் எல்லோரும் மகிழ்ச்சியாகச் சொன்னார்கள். மினேவுக்கு அந்த மகிழ்ச்சி கொஞ்சமும் வரவில்லை. பெயரில்லாத மரியாதை என்றால் என்னவென்று எட்டு வருஷமாகத் தேநீர்த் தட்டு தூக்கியவளுக்குத் தெரியாதா? பெயர் போய்விட்டால் தன்னிடம் வேறு எதுவும் மிச்சமில்லை என்று அவளுக்குப் பயமாக இருந்தது, பயத்தைவிடக் கோபம் அதிகமாக இருந்தது.

அந்த வருஷ ஓபோனில் அவள் வந்து இறங்கியபோது கோயில் முற்றத்தில் பைன் சுள்ளிகள் அடுக்கியிருந்தன. அவளுடைய பலகை மேலே இருந்தது. ரியோகாய்க்கு அப்போது எண்பதுக்கு மேல். நெருப்புக்குச்சியைக் கிழிக்கவே இரண்டு முறை முயல வேண்டியிருந்தது. மூன்றாவது முறை கிழிப்பதற்குள் மினே நடந்துபோய்ப் பலகையை எடுத்து மார்போடு அணைத்துக்கொண்டாள்.

"இது என் பேரு. நான் இன்னும் இதை வெச்சுத்தான் பொழைச்சுக்கிட்டிருக்கேன்" என்றாள்.

கூட்டத்தில் சலசலப்பு. செத்தவர்கள் இப்படித் தகராறு செய்து அவர்கள் பார்த்ததில்லை. மீனவர் சங்கத் தலைவர் முன்னால் வந்து, முப்பத்துமூன்று என்றால் முப்பத்துமூன்றுதான், தன் சொந்த அப்பாவுக்கே அப்படித்தான் செய்தோம், ஒருவருக்கு ஒரு நியாயம் இன்னொருவருக்கு ஒரு நியாயமென்று இருக்க முடியாது என்று பொறுமையாக எடுத்துச் சொன்னார். மினே அவரைப் பார்க்கவில்லை. ரியோகாயைத்தான் பார்த்தாள்.

"பள்ளிக்கூடத்துல படம் போடும்போது, நான் சாகுற இடத்துல எல்லாம் மந்திரம் சொன்னீங்களே. அது எந்த மந்திரம்?"

ரியோகாய் தலையைச் சொறிந்தார். பொய் சொல்வதற்கும் அவரிடம் தனியாக ஒரு வாய் இல்லை.

"எங்கிட்ட இருக்கிறது ஒண்ணுதான்" என்றார்.

"அப்ப கடைசியா நீங்க என்னை அனுப்பிவெச்சது எப்போ?"

முற்றத்தில் நின்ற சிப்பி குளிக்கும் பெண்கள் விரல்விட்டு எண்ணத் தொடங்கினார்கள். அந்த விடுதிப் படம் வந்த அன்று மழை, பாய் நனைந்து அவள் முகம் சுருங்கிச் சுருங்கித் தெரிந்தது, தீப்பிடித்த இடத்தில் சரியாக மழை நின்றது, அது ஏழு வருஷத்துக்கு முந்தி என்று ஒருத்தி சொல்ல, ஆமாம், என் கடைக்குட்டி வயிற்றில் இருந்தான் என்று இன்னொருத்தி உறுதிப்படுத்தினாள். முறையான மந்திரம் முறையான வாயால் சொல்லப்பட்டிருக்கிறது. அப்படியானால் கணக்கு அங்கிருந்துதானே தொடங்க வேண்டும்? சங்கத் தலைவர் ஏதோ சொல்ல வாயெடுத்து, தான் அன்று முன்வரிசையில் உட்கார்ந்து கைகூப்பியது நினைவுக்கு வரவே மூடிக்கொண்டார். இன்னும் இருபத்தைந்து வருஷத்துக்கு மேல் இருக்கிறது என்று ரியோகாய் தீர்ப்புச் சொன்னார். சுள்ளிகளை வீணாக்காமல் கிழங்கு சுட்டுத் தின்றார்கள்.

வீட்டுக்குத் திரும்பியதும் ஒதாகி பலகையை மாடத்தில் பழைய இடத்தில் வைத்து, தூசி துடைத்துவிட்டு, அதன் பின்பக்கத்தை விரலால் தடவினாள்.

"உன் பேரு ஊர்ச் சுவரெல்லாம் இருக்கு, அதுக்கே நீ இந்தச் சண்டை போடுறே. நான் பதினாலு வயசுல கடல்ல இறங்கினவ. எடுத்த சிப்பி பூரா முதல்ல அப்பா பேருல போச்சு, அப்புறம் புருஷன் பேருல போச்சு. எம் பேரை எழுதப் போறது இந்த மாதிரிப் பலகைக்குப் பின்னாடி மட்டுந்தான். அதையும் எரிச்சிடுவாங்க." பிறகு, அழுகிறாளோ என்று மினே பார்ப்பதற்குள், "உக்காரு, சோறு ஆறுது" என்று எழுந்து போய்விட்டாள்.

தோக்கியோ திரும்பிய மினேவிடம் குசே புதுப்படத்தின் வசனத் தாள்களைக் கொடுத்தார். நாயகனின் அம்மா, பதினோரு முறை தேநீர். அந்த அம்மாவின் பெயர் என்ன என்று கேட்டாள் மினே. அம்மாவுக்குப் பெயர் எதற்கு என்று குசே சிரித்தார்.

"பேர் இல்லாம டீயும் குடுக்க மாட்டேன், பேர் இல்லாம சாகவும் மாட்டேன்" என்று தாள்களை மேஜைமேல் வைத்துவிட்டு, முப்பத்தைந்து வருஷம் வேலை பார்த்த ஸ்டுடியோவைவிட்டு, கைப்பையை மட்டும் எடுத்துக்கொண்டு வெளியே வந்தாள். ஆறு மாதத்தில் சோற்றுக்குத் திண்டாடித் திரும்பி வருவாள் என்று குசே எல்லோரிடமும் சொன்னார். அவள் திரும்பிப் போகவில்லை. கேமராவைத் தோளில் தூக்கிக்கொண்டு அலைகிற சின்னச் சின்னக் குழுக்களோடு சேர்ந்தாள். இரண்டே நிபந்தனை: என் பாத்திரத்துக்குப் பெயர் வேண்டும், எனக்கு ஒரு சாவு வேண்டும். கிழவிக்கு என்ன வீம்பு என்றார்கள், ஆனால் கொடுத்தார்கள். கொலைகாரியாகச் செத்தாள், குடிகாரியாகச் செத்தாள், நீதிபதியாகத் தீர்ப்பு வாசிக்கும்போதே செத்தாள், எழுபது வயதில் கூரையிலிருந்து தானே விழுந்து செத்து, காலில் கட்டோடு இசோனேவுக்கு வந்தாள். ஒவ்வொரு படமும் தீவுக்கு வந்தது. ரியோகாய் போன பிறகு அவர் மகள் மியோயென் குருவாகி, அதே ஒற்றை மந்திரத்தைச் சொன்னாள். ஒவ்வொரு முறையும் கணக்கு முதலிலிருந்து தொடங்கியது. சாவை வைத்தே சாவை ஏய்க்கிறாள் என்று தீவில் பெருமையாகப் பேசிக்கொண்டார்கள்.

ஒதாகிக்கு இந்த வித்தையெல்லாம் தெரியாது. அறுபதாவது வயதில் ஒருநாள் காலை கடலில் இறங்கினாள், மிதவை மட்டும் மேலே ஆடிக்கொண்டிருந்தது. அந்த வருஷ ஓபோனில் மினே கரையில் வந்து இறங்கியபோது, அவளுடைய ஈரக் காலடிகளுக்குப் பக்கத்தில் இன்னொரு ஜோடி ஈரக் காலடிகள் மணலில் விழுந்துகொண்டே கூட வந்தன. இடது காலில் சுண்டுவிரல் இல்லை. மினே கரையிலேயே உட்கார்ந்து வாய்விட்டு அழுதாள். பிறகு இருவரும் வீட்டுக்குப் போனார்கள். ஒதாகியின் மருமகள் இரண்டு கிண்ணம் சோறு வைத்திருந்தாள். அதன்பின் ஒவ்வொரு வருஷமும் இரண்டு ஜோடிக் காலடிகள்.

மினேவுக்குத் தொண்ணூற்றிரண்டு வயதானபோது ஒதாகியின் முப்பத்துமூன்றாம் ஆண்டு வந்தது. ஒதாகி சண்டை போட மாட்டாள், அவளுக்காகச் சண்டை போடவும் யாருமில்லை என்பது மினேவுக்குத் தெரியும். ஓபோனுக்கு மூன்று மாதம் இருந்தது. அப்போது அவளை வைத்துப் படம் எடுக்க வந்த பெண் இயக்குநருக்கு முப்பது வயதுகூட ஆகியிருக்காது. கதையில் ஒரு கிழவி, சமையல்காரி, ஆஸ்பத்திரியில் சாகிறாள். மினே மூன்று நாள் அவளோடு மல்லுக்கட்டிக் கிழவியைச் சிப்பி குளிக்கிறவளாக்கினாள், ஆஸ்பத்திரியை இசோனேவாக்கினாள், பெயரையும் மாற்றினாள். பெயரை ஏன் மாற்ற வேண்டுமென்று அந்தப் பெண் கேட்டதற்கு, இந்தப் பெயரைத் திரையில் இவ்வளவு பெரிதாகப் பார்க்க வேண்டும் என்று இரண்டு கைகளையும் விரித்துக் காட்டினாள்.

கோயிலில் ஒதாகிக்காகச் சுள்ளி அடுக்க நாள் குறித்திருந்தார்கள். அதற்குப் பத்து நாள் முந்தி ஒதாகி வீட்டு நிலத்தில், கடலைப் பார்த்த அதே இடத்தில், மினே சவப்பெட்டியில் படுத்தாள். அறுபத்தெட்டு வருஷத்துக்கு முன்பிருந்ததைவிடப் பெட்டி தாராளமாக இருந்தது. கேமரா ஓடியது. மியோயென் முறைப்படி இறந்தவரின் பெயரைக் கேட்டாள். உதவி இயக்குநர் தன் கையிலிருந்த தாளைப் பார்த்தார். சினிமாக்காரர்கள் மாறவில்லை.

"ஹயா—" என்று அவர் தொடங்கியதும் பெட்டிக்குள்ளிருந்து, கண்ணைத் திறக்காமல், கூட்டம் முழுக்கக் கேட்கும்படி மினே சொன்னாள்.

"ஒதாகி. சிப்பி குளிக்கிறவ ஒதாகி."

பிணம் பேசிவிட்டது. இயக்குநர் கட் சொல்ல வாயைத் திறந்தாள். ஆனால் மியோயென் மந்திரத்தைத் தொடங்கிவிட்டாள், அந்த மந்திரத்தை நடுவில் நிறுத்துகிற வழக்கம் அவள் குடும்பத்தில் இல்லை. ஒதாகி நிஜமாகச் செத்தவள், அவளை மறுபடி எப்படி அனுப்புவது என்று கூட்டத்திலிருந்து ஒரு பெரியவர் முனகினார். சிப்பி குளிக்கும் பெண்கள் ஒரே நேரத்தில் திரும்பி அவரைப் பார்த்தார்கள். அவர் கைகூப்பிக்கொண்டார். இயக்குநரும் எதற்கென்று தெரியாமல் அழுதுகொண்டே கைகூப்பினாள். மந்திரம் கடைசி எழுத்துவரை போனது, ஒதாகியின் பெயர் புதுப் பலகையின் பின்பக்கம் ஈர மையில் எழுதப்பட்டது, கோயிலில் குறித்த நாளை மியோயென் தன் கையாலேயே அடித்துவிட்டாள்.

ஆகஸ்டு பதின்மூன்று. மினே தோக்கியோவில் பல் துலக்கிக்கொண்டிருந்தவள், பிரஷ்ஷோடு இசோனே கரையில் வந்து இறங்கினாள். தொடை வலித்தது. குனிந்து மணலைப் பார்த்தாள். தன் காலடி மட்டும்தான் இருந்தது. அலை ஒன்று வந்து போனது, இன்னொன்றும் வந்து போனது. அவள் நகராமல் நின்றாள். மூன்றாவது அலை வடிந்தபோது, பக்கத்தில், நிதானமாக, ஒரு வலது கால் பதிந்தது. பிறகு நான்கு விரல் மட்டும் உள்ள ஓர் இடது கால் பதிந்தது.

மினே பிரஷ்ஷை இடுப்பில் செருகிக்கொண்டாள்.

"ஏன்டி இவ்வளவு நேரம்?" என்றாள். "இன்னும் முப்பத்துமூணு வருஷம் இருக்கு. வா, சோறு ஆறுது."